மூன்றாம் எதிர்மனுதாரர் மதியச் சாப்பாட்டுக்கு வருவார்

பிப்ரவரி 11, செவ்வாய்

வந்துவிட்டது! ரிசல்ட் வந்துவிட்டது! எழுத்து கோணல்மாணலாகப் போகிறது. போனால் போகட்டும்.

மாநில நீர்ப் பரிசோதனை வாரியத்தில் ஆய்வக உதவியாளர் வேலை. விருதுநகர் மாவட்டத்துக்கு ஒரே ஓர் இடம். அதற்கு நானும் எழுதினேன், என் வீட்டுக்காரர் காளிராஜும் எழுதினார். இரண்டு பேருமே பி.எஸ்சி. வேதியியல். ஒரே புத்தகத்தை வைத்துக்கொண்டு, பாப்பா தூங்கும் நேரம் பார்த்து, மாற்றி மாற்றிப் படித்தோம். இவர் படித்தது கொஞ்சம், கொட்டாவி விட்டது மீதி. நான்தான் கேள்வி கேட்டுக் கேட்டு எழுப்பிவிடுவேன்.

இன்று காலையில் பாப்பாவுக்கு இட்லி ஊட்டிக்கொண்டே போனில் பட்டியலைத் திறந்தேன். தேர்வானவர்: காளிராஜ். நான் போட்ட சத்தத்தில் என் மாமியார் முறத்தோடு ஓடிவந்தார்கள். "என்னடி, பாம்பா?" என்றார்கள். "உங்க மகனுக்கு வேலை அத்தை! கவர்மெண்ட் வேலை!" என்று அப்படியே கட்டிப்பிடித்துவிட்டேன். முறத்திலிருந்த உளுந்தெல்லாம் தரையில். அத்தை அழுதார்கள். நானும் அழுதேன். பொய் இல்லை, சந்தோஷத்தில்தான் அழுதேன்.

அப்புறம்தான் கீழே இறக்கி என் எண்ணைத் தேடினேன். அவருக்கு எவ்வளவு மதிப்பெண்ணோ அதே மதிப்பெண் எனக்கும். அரை மதிப்பெண் கூடவும் இல்லை, குறையவும் இல்லை. என் எண்ணுக்கு நேரே 'தேர்வாகவில்லை' என்று இருந்தது.

உளுந்தை நான்தான் பொறுக்கினேன்.

பிப்ரவரி 12, புதன்

இரண்டு பேருக்கும் சமமாக வந்தால் என்ன செய்வார்கள்? அறிவிப்பை மறுபடி எடுத்துப் படித்தேன். கடைசிப் பக்கத்தில் இருக்கிறது: மதிப்பெண் சமமானால் வயதில் மூத்தவருக்கே முன்னுரிமை.

படித்தேன். போனை அணைத்தேன். அரிசி களைந்து உலையில் போட்டேன். இன்றைக்கு வெண்டைக்காய்ப் புளிக்குழம்பு. நன்றாக வந்தது.

பிப்ரவரி 13, வியாழன்

எழுதுவதற்கு ஒன்றும் இல்லை.

பிப்ரவரி 14, வெள்ளி

எழுதாமல் இருந்தால் வெடித்துவிடுவேன்! நான் இவரைவிட எட்டு மாதம் மூத்தவள்.

அய்யோ, எழுதியே விட்டேன்.

ஐந்து வருஷத்துக்கு முன்னால் அத்தை என்னைப் பெண் பார்க்க வந்தார்கள். உட்காருமுன்னே கேட்ட கேள்வி, "பொண்ணு பையனுக்கு இளையவதானே?" என் தாய்மாமன் கண்ணைக்கூடச் சிமிட்டவில்லை. "ரெண்டு வயசு சின்னவ, தங்கச்சி" என்று அடித்துவிட்டார். அதற்குத் தோதாக ஜாதகமும் புதிதாக எழுதி வந்துவிட்டது. மூத்தவளைக் கட்டினால் புருஷன் ஆயுசுக்கு ஆகாது என்பது அத்தையின் நம்பிக்கை. எனக்கோ அதற்கு முன்னால் வந்த இடமெல்லாம் தட்டிப் போயிருந்தது. வாயை மூடிக்கொண்டேன். இன்றுவரை மூடிக்கொண்டிருக்கிறேன். நவம்பர் மாதம் என் பிறந்தநாளுக்கு இவர் கேக் வாங்கி வருவார். எண் போட்ட மெழுகுவர்த்தி மட்டும் வாங்கமாட்டார். "அது எதுக்கு வீண் செலவு" என்பார். நல்லவேளை, கஞ்சப் புருஷனாக வாய்த்தாரே என்று நினைத்துக்கொள்வேன்.

ஆக, அந்த ஒரு இடம் என்னுடையது. விதி அப்படித்தான் சொல்கிறது! பிறகு ஏன் இவர் பெயரைப் போட்டார்கள்? அதோடு, வருகிற ஜூலைக் கணக்கில் எனக்கு வயது வரம்பு தாண்டிவிடும். இவருக்கு இன்னும் ஒரு தடவை எழுத வயது இருக்கிறது. எனக்கு இதுதான் கடைசி.

பிப்ரவரி 17, திங்கள்

வாரியத்துக்குப் போன் போட்டேன். எத்தனையோ தடவை அடித்து ஒருவழியாக ஓர் ஆள் எடுத்தார். "சமமா வந்தா யாரு அப்ளிகேஷன் முன்னாடி வந்துச்சோ அவங்கதாம்மா. போன தடவையும் அப்படித்தான் போட்டோம்" என்றார்.

"இந்தத் தடவை அறிவிப்புல மூத்தவங்களுக்குன்னு போட்டிருக்கே சார்?"

"அதெல்லாம் எங்களுக்குத் தெரியும்மா" என்று வைத்துவிட்டார். தெரியுமாம்! தெரிந்த லட்சணம் இதுதான்.

விண்ணப்பம் போட்ட நாள் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம், இவர் கட்டிலில் சாய்ந்துகொண்டு போனிலேயே இரண்டு பேருக்கும் போட்டார். முதலில் தன்னுடையதை முடித்து அனுப்பினார். அப்புறம் என்னுடையது. பெயர், முகவரி, படிப்பு எல்லாம் அவரே அடித்தார். பிறந்த தேதி வந்ததும் போனை என்னிடம் நீட்டி, "இதை நீயே போட்டுக்க இந்து, எனக்குக் கண்ணு கூசுது" என்று சொல்லிவிட்டுச் சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்துக்கொண்டார். எட்டு எண் அடிக்க அவ்வளவு சோம்பேறித்தனம். அவர் முந்தி அனுப்பினார் என்பதற்காக வேலை அவருக்காம். என்ன நியாயம் இது?

பிப்ரவரி 19, புதன்

தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு எழுதிவிட்டேன். சமமாக வந்த இரண்டு பேரில் ஒருவரை எந்த அடிப்படையில் முன்னால் வைத்தீர்கள் என்று ஒரே கேள்வி. இவர் வேலைக்குக் கிளம்பும்போது, "இதைப் பதிவுத் தபால்ல போட்டுருங்க" என்று கவரைக் கொடுத்தேன். மேலே வாரியத்தின் முகவரி கொட்டை எழுத்தில் இருக்கிறது. என்ன ஏது என்று கேட்க வேண்டுமே! ரசீதைக் கொண்டுவந்து மறக்காமல் என் கையில் கொடுத்தார், அவ்வளவுதான்.

இவர் வேலை பார்ப்பது ஒரு தண்ணீர் கேன் கம்பெனியில். அங்கேயும் தண்ணீர் சோதிக்கிற வேலைதான். விடுப்பு லேசில் கிடைக்காது, மதியம் மட்டும் வீட்டுக்கு வந்து சாப்பிட்டுவிட்டுப் போவார். சான்றிதழ் சரிபார்ப்பு இந்த மாதமே இருக்கும் என்று வெள்ளைச் சட்டை ஒன்று வாங்கி வைத்திருக்கிறார். அது இன்னும் கவரோடு பீரோவில் இருக்கிறது. அதைப் பார்த்தால் எனக்கு என்னமோ செய்கிறது.

மார்ச் 10, திங்கள்

பதில் வந்துவிட்டது! வாரியத்தின் முத்திரையோடு, கையெழுத்தோடு! 'விண்ணப்பம் பெறப்பட்ட வரிசையின் அடிப்படையில்' என்று அவர்களே எழுதிக் கொடுத்துவிட்டார்கள். வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்டார்கள். சமையலறையில் பாப்பாவைத் தூக்கிக்கொண்டு ஒரு சுற்றுச் சுற்றினேன். "என்னம்மா?" என்றாள். "உங்கம்மாவுக்குக் கேஸ் கிடைச்சிருக்கு" என்றேன். அவளும் கை தட்டினாள்.

சரிபார்ப்புத் தேதியும் வந்துவிட்டது, மாதக் கடைசியில். அதற்குள் ஏதாவது செய்தாக வேண்டும்.

மார்ச் 12, புதன்

அக்காவைப் பார்க்கப் போவதாகச் சொல்லிவிட்டு மதுரைக்குப் போனேன். வக்கீல் ஜெசிந்தா மேடம். ஹைகோர்ட் பக்கத்தில் மாடியில் ஒரு அறை, இருப்பது இரண்டு நாற்காலி. எல்லாக் காகிதத்தையும் பொறுமையாகப் படித்தார்.

"முதல்ல ஒண்ணு தெரிஞ்சுக்கங்கம்மா. லிஸ்ட்ல பேரு வராதவங்க, 'எனக்கு வேலை குடு'ன்னு கோர்ட்ல கேக்க முடியாது. நல்ல மார்க் வாங்கினதாலயே வேலை உரிமை ஆயிராது."

என் முகம் தொங்கிப்போய்விட்டது.

"இருங்க, முடிக்கல. 'நீ என்ன விதி போட்டியோ, அந்த விதிப்படி என்னைப் பாரு'ன்னு கேக்கலாம். அந்த உரிமை தோத்தவங்களுக்கும் உண்டு. பாதி ஆட்டத்துல விதியை மாத்த வாரியத்துக்கு அதிகாரம் கிடையாது."

"அப்ப எனக்குக் கேஸ் இருக்கா மேடம்?"

"நல்லாவே இருக்கு."

நாற்காலியை விட்டு எழுந்துவிட்டேன்! அவர் சிரித்துக்கொண்டே கையைக் காட்டி உட்கார வைத்தார்.

"தேர்வானவரையும் எதிர்மனுதாரரா சேர்க்கணும். அவர் கையில இருக்கிற வேலையைத்தான நீங்க கேக்குறீங்க? அவர் பக்கத்தைக் கேக்காம கோர்ட் அவரை லிஸ்ட்ல இருந்து எடுக்காது. அவரைச் சேர்க்கலைன்னா மனு நிக்கவே நிக்காது. வாரியம் ஒண்ணு, வாரியச் செயலாளர் ரெண்டு, இவர் மூணு. அட்ரஸ் எதுவும் தெரியுமா?"

"தெரியும் மேடம். எங்க வீடுதான். அவர் என் வீட்டுக்காரர்."

பேனாவைக் கீழே வைத்துவிட்டார். "குடும்ப கோர்ட்டுக்கு வெளிய புருஷனை எதிர்மனுதாரரா போடப்போறது எனக்கு இதுதான் முதல் தடவை" என்று விழுந்து விழுந்து சிரித்தார். எனக்கும் சிரிப்பு வந்தது.

"அவரே வேண்டாம்னு எழுதிக் குடுத்துட்டா?" என்று கேட்டேன்.

"குடுத்தா அந்த இடம் காலின்னு அடுத்த அறிவிப்புக்குத் தள்ளிருவாங்க. காத்திருப்போர் பட்டியல் கிடையாதுன்னு இவங்க அறிவிப்புலயே இருக்கு. அவருக்கும் போயிரும், உங்களுக்கும் வராது. லிஸ்ட் தப்புன்னு கோர்ட் சொன்னாதான் உண்டு." அப்புறம் என்னை நேராகப் பார்த்தார். "பிரமாணப் பத்திரத்துல உங்க வயசும் வரும், அவர் வயசும் வரும். கேஸே அதுதான். பரவாயில்லையா?"

"பரவாயில்லை" என்று சொல்லிவிட்டேன். பஸ்ஸில் திரும்பி வரும்போதுதான் பரவாயில்லையா என்று யோசித்தேன்.

சாயங்காலம் இவரிடம் கேஸைப் பற்றிச் சொன்னேன். வயது சங்கதியை மட்டும் விட்டுவிட்டேன். "வாரியம் போட்ட வரிசை தப்பு. நான் கேஸ் போடணும். நீங்க மூணாவது எதிர்மனுதாரர்" என்றேன்.

"ஜெயில் கியில் எதுவும் உண்டா?"

"இல்லைங்க. நோட்டீஸ் வரும், அவ்வளவுதான்."

"அப்பச் சரி. அம்மாகிட்ட மட்டும் நீயே சொல்லிரு" என்று பாப்பாவைத் தூக்கிக்கொண்டு கடைக்குப் போய்விட்டார். எதனால் வரிசை தப்பு என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. இப்படியும் ஒரு மனுஷன்! கையில் வந்த வேலை போகப்போகிறது, அதுவும் ஏன் என்று தெரியாமலே. பாவமாக இருந்தது எனக்கு.

மார்ச் 16, ஞாயிறு

தொலைந்தேன்.

அத்தையும் எதிர்வீட்டுச் செல்லக்கனி அக்காவும் முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தார்கள். நல்ல மனநிலையில் இருக்கிறார்களே என்று பக்கத்தில் உட்கார்ந்து கேஸ் விஷயத்தை மெல்ல ஆரம்பித்தேன். செல்லக்கனி அக்கா எதிரில் ஆரம்பித்திருக்கக் கூடாது. அந்தப் புத்தி அப்போது வரவில்லை.

"எம் மகன் மேல நீ கேஸு போடப்போறியா?" என்றார்கள் அத்தை.

"வாரியத்து மேலதான் அத்தை. இவர் பேரும் கூட வரும்."

"அவன் வாங்குனா என்ன, நீ வாங்குனா என்ன? ஒரே வீட்டுக்குத்தானடி வருது!"

"ஒரே வீடுன்னா நான் வாங்குனாலும் சரிதானே அத்தை?"

"எதுத்துப் பேசாத. அவனுக்குக் கிடைச்சிருக்கு, சேரட்டும். நீ அடுத்த தடவை எழுது. உனக்கு என்ன, வயசா போச்சு? அவனைவிட ரெண்டு வயசு சின்னவதான நீ?"

செல்லக்கனி அக்கா, "அதானே" என்றார்கள். அந்த 'அதானே'யில்தான் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "சின்னவ இல்ல! நான்தான் மூத்தவ! எட்டு மாசம் மூத்தவ! அடுத்த தடவை எழுத எனக்கு வயசு கிடையாது!" என்று தெருவுக்கே கேட்கிற மாதிரி கத்திவிட்டேன்.

கீரை உருவுகிற கை இரண்டும் நின்றுவிட்டது. செல்லக்கனி அக்கா, "அடுப்புல பால் வச்சிருக்கேன்" என்று எழுந்து ஓடிவிட்டார்கள். அத்தை முறத்தை எடுத்துக்கொண்டு உள்ளே போனார்கள்.

இவர் வந்ததும் வராததுமாக அத்தை வாசலிலேயே சொன்னார்கள்: "இவ உனக்கு மூத்தவளாம்டா. நம்மளை ஏமாத்திக் கட்டிக்குடுத்திருக்காங்க." நான் கதவுக்குப் பின்னால் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றேன். இவர் செருப்பைக் கழற்றினார். சொம்புத் தண்ணீரைக் குடித்தார். "அப்படியா" என்றார். "ரசம் இருக்கா?"

நான் என்ன எதிர்பார்த்தேன் என்று எனக்கே தெரியவில்லை. ஆனாலும் ரசமா!

மார்ச் 17, திங்கள்

அத்தை பேசவில்லை. பாப்பாவிடம் சொல்லி அனுப்புகிறார்கள். "ஆச்சிக்கு உப்பு வேணுமாம்."

மார்ச் 20, வியாழன்

மனு தாக்கலாகிவிட்டது. பிரமாணப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டேன். மனுதாரர் இந்துராணி, வயது முப்பத்திரண்டு. மூன்றாம் எதிர்மனுதாரர் காளிராஜ், வயது முப்பத்தொன்று. ஐந்து வருஷம் மறைத்ததை அச்சில் பார்த்தபோது பயம் வரும் என்று நினைத்தேன். வரவில்லை. பள்ளிக்கூடம் விட்டு ஓடிவருகிற பிள்ளை மாதிரி இருந்தது எனக்கு.

மார்ச் 25, செவ்வாய்

ஜெசிந்தா மேடம் போன்! மனுவை ஏற்றுக்கொண்டார்கள்! வழக்கு முடியும்வரை அந்த இடத்தில் யாரையும் நியமிக்கக் கூடாது என்று இடைக்கால உத்தரவு! நான் "ஹா!" என்று கத்தி, கையிலிருந்த கரண்டியைக் குழம்புச் சட்டிக்குள் போட்டுவிட்டேன்.

அத்தை சுவரைப் பார்த்துச் சொன்னார்கள்: "கைக்கு எட்டுனதைத் தட்டிவிட்டாச்சு. இப்பச் சந்தோசமா?" இதுவும் ஒரு முன்னேற்றம்தான், சுவர் வழியாகவாவது பேசுகிறார்கள். ஆனால் அவர்கள் கண் கலங்கியிருந்தது. மகன் நல்ல வேலைக்குப் போவான் என்று செல்லியம்மனுக்குக் காசு முடிந்து வைத்திருந்தார்கள்.

இவர் அந்த வெள்ளைச் சட்டையைக் கவரோடு எடுத்து மேல் தட்டில் வைத்தார். நான் பார்த்ததை அவர் பார்க்கவில்லை.

ஏப்ரல் 2, புதன்

இன்றைக்கு நடந்ததை எழுதியே ஆக வேண்டும். சிரித்துச் சிரித்து வயிறு வலிக்கிறது.

மதியம் தபால்காரர் நோட்டீஸோடு வந்தார். "காளிராஜ் இருக்காரா? அவர்தான் கையெழுத்துப் போடணும். கேஸ் நோட்டீஸ்" என்றார்.

"மதியச் சாப்பாட்டுக்கு வருவார். உக்காருங்க, இப்ப வந்துருவார்" என்று மோர் கொடுத்தேன். அவர் கவரைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "யாரும்மா உங்க வீட்டுக்காரர் மேல கேஸ் போட்டது?" என்று ரகசியமாகக் கேட்டார்.

"நான்தான் அண்ணே."

மோர் புரையேறிவிட்டது அவருக்கு. இவர் வந்து, கை கழுவி, கையெழுத்துப் போட்டு, நோட்டீஸைச் சட்டைப் பையில் மடித்து வைத்துக்கொண்டு சாப்பிட உட்கார்ந்தார். நான் எதிர்மனுதாரருக்குச் சோறு போட்டேன். எதிர்மனுதாரர் இரண்டாம் தடவை பொரியல் கேட்டார். தபால்காரர் வாசலில் நின்று இதையெல்லாம் பார்த்துவிட்டுத்தான் போனார்.

"வக்கீல் யாரு வைக்கப்போறீங்க?" என்றேன்.

"எனக்கு எதுக்கு வக்கீல்? நானே போய் நிக்கிறேன்."

"போய் என்ன சொல்வீங்க?"

"கேட்டதுக்குப் பதில் சொல்வேன்" என்று அப்பளத்தை நொறுக்கினார்.

ஏப்ரல் 22, செவ்வாய்

எங்கே ஆரம்பிப்பது? எல்லாம் ஒரே நேரத்தில் முட்டிக்கொண்டு வருகிறது!

காலையில் கிளம்பும்போது அத்தை புடவை மாற்றிக்கொண்டு நின்றார்கள். "நானும் வாரேன். எம் மகனைக் கூண்டுல நிறுத்தி என்ன பண்ணுறாங்கன்னு பார்க்கணும்." கூண்டெல்லாம் கிடையாது என்று எவ்வளவோ சொன்னோம், கேட்கவில்லை. பாப்பாவைச் செல்லக்கனி அக்காவிடம் விட்டுவிட்டு, மனுதாரர், எதிர்மனுதாரர், எதிர்மனுதாரரின் அம்மா மூன்று பேரும் ஒரே பஸ்ஸில் போனோம். இவர் அந்த வெள்ளைச் சட்டையைப் போட்டிருந்தார்.

கோர்ட்டில் பின் வரிசையில் உட்கார்ந்தோம். நீதிபதிக்குச் சளி பிடித்திருந்தது, பிளாஸ்கிலிருந்து வெந்நீர் ஊற்றிக் குடித்துக்கொண்டே இருந்தார். எங்கள் எண்ணைக் கூப்பிட்டதும் என் காது அடைத்துப்போய்விட்டது. ஜெசிந்தா மேடம் அறிவிப்பையும் வாரியத்தின் பதிலையும் அடுத்தடுத்து வைத்தார். பேசியது கொஞ்சம்தான். அப்புறம் வாரியத்து வக்கீல் எழுந்து இங்கிலீஷில் நீளமாகப் பேசினார்.

அத்தை என் விலாவில் இடித்தார்கள். இவ்வளவு நாள் கழித்து நேராக என்னிடம் பேசிய முதல் பேச்சு: "என்னடி சொல்றான்?"

"ரெண்டு பேரும் புருஷன் பொண்டாட்டி, யாரு வாங்குனாலும் சம்பளம் ஒரே வீட்டுக்குத்தான் போகுது, இந்த அம்மாவுக்கு இதுல என்ன நஷ்டம்னு கேக்காரு அத்தை."

அத்தை வாயைத் திறந்தார்கள். அப்புறம் மூடிக்கொண்டார்கள். அந்த வக்கீலையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

நீதிபதி நிமிர்ந்து தமிழில் கேட்டார்: "மூணாவது எதிர்மனுதாரர் வந்திருக்காரா?"

இவர் எழுந்து முன்னால் போனார். முதுகுப் பக்கம் சட்டை முழுக்க வியர்வை.

"வக்கீல் வைக்கலையா?"

"இல்லைங்க ஐயா. வீட்டுல ஒரு ஆளுக்குத்தான் வக்கீல் வைக்க முடிஞ்சுது."

சிரிப்புச் சத்தம். நீதிபதி சிரிக்கவில்லை. "உங்க மனைவி உங்களைவிட மூத்தவங்களா?"

"ஆமாங்க ஐயா."

"வேலையை அவங்களுக்கு மாத்திவிடணும்னு ரெண்டு பேரும் பேசி வச்சுக்கிட்டுச் செய்யறீங்களா? கேஸுக்காக வயசு சொல்றீங்களா?"

"இல்லைங்க ஐயா. எனக்கும் அந்த வேலை வேணும். நல்ல வேலை. சட்டைகூட எடுத்துட்டேன். ஆனா விதியில மூத்தவங்களுக்குன்னு இருக்கு, மூத்தது அவங்கதான். அது எனக்குக் கேஸுக்கு அப்புறம் தெரிஞ்சதில்லை ஐயா. கல்யாணத்துக்கு முந்தின வாரமே தெரியும். பதிவு ஆபீசுக்குக் குடுக்கச் சொல்லி அவங்க மாமா பத்தாவது சர்டிபிகேட்டை ஒரு கவர்ல போட்டு எங்கிட்டதான் குடுத்தாரு. ஜாதகத்தை மாத்துனவரு இதை மறந்துட்டாரு."

நான் பெஞ்சைப் பிடித்துக்கொண்டேன்.

"அப்பவே கேக்கலையா?"

"கேட்டா கல்யாணம் நின்னு போயிரும்னு பயம், ஐயா."

கோர்ட்டே சிரித்தது. இப்போது நீதிபதியும் சிரித்து, இருமி, வெந்நீர் குடித்தார். பிறகு வாரியத்து வக்கீல் பக்கம் திரும்பினார். "ஒரே வீடு, ஒரே வீடுன்னு சொன்னீங்களே. அப்ளிகேஷன் யாரு போட்டது, வீடா? பரீட்சை எழுதினது வீடா? ஆளுக்குத்தானே மார்க் போட்டீங்க?" அவர் உட்கார்ந்துவிட்டார். உத்தரவு பின்னால் என்று தள்ளி வைத்தார்கள்.

ஐந்து வருஷம்! ஐந்து வருஷம் நான் பயந்து பயந்து, ரேஷன் கார்டை ஒளித்து வைத்து, பிறந்தநாள் வந்தால் பதறிக்கொண்டு திரிந்திருக்கிறேன். இந்த மனுஷன் எல்லாம் தெரிந்துகொண்டு ரசம் கேட்டிருக்கிறார்! மெழுகுவர்த்தி வாங்காதது கஞ்சத்தனம் இல்லை. கண் கூசியதும் இல்லை. கோர்ட் வராந்தாவில் வைத்து நன்றாகத் திட்டினேன். "சொல்லியிருந்தா நான் நிம்மதியா இருந்திருப்பேன்ல?"

"நீயா சொல்லுவேன்னு இருந்தேன் இந்து" என்றார்.

கோபம் கோபமாக வந்தது. அதே அளவு ஆசையாகவும் இருந்தது. இவரைப்போல ஒருவர் எனக்குக் கிடைத்ததை எதில் எழுதிக் காட்டுவது என்று தெரியவில்லை, இதில் எழுதிவிடுகிறேன்.

திரும்பி வரும்போது மூவர் சீட்டில் அத்தை நடுவில் உட்கார்ந்துகொண்டார்கள். "எங்கிட்டயாவது சொல்லியிருக்கலாம்லடா" என்றார்கள் இவரிடம்.

"சொன்னா நீ விட்டிருப்பியாம்மா?"

கள்ளிக்குடி தாண்டிய பிறகு, ஜன்னலைப் பார்த்துக்கொண்டே சொன்னார்கள்: "உங்கப்பா எனக்கு எட்டு வயசு மூத்தவரு. பொருத்தமெல்லாம் பார்த்துத்தான் கட்டுனாக. அம்பது தாண்டல, போயிட்டாரு. அதுக்கு நான் எந்த வயசைக் குத்தம் சொல்ல?" பிறகு என் மடியில் கிடந்த பையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார்கள். "கனமா இருக்கு, இங்க குடு."

ஏப்ரல் 23, புதன்

காலையில் அத்தை நேராகவே கேட்டார்கள்: "உப்பு எங்கடி வச்ச?"

ஜூன் 17, செவ்வாய்

ஜெயித்துவிட்டேன்! ஜெயித்துவிட்டேன்! ஜெயித்துவிட்டேன்!

அறிவித்த விதியை வாரியம் மீறியது தவறு, பட்டியலைத் திருத்தி அந்த இடத்துக்கு மனுதாரரைப் பரிசீலிக்க வேண்டும் என்று தீர்ப்பு. "நேரா வேலை குடுன்னு எழுதமாட்டாங்கம்மா. விதிப்படி பாருன்னுதான் எழுதுவாங்க. விதிப்படி பார்த்தா நீங்கதான்" என்றார் ஜெசிந்தா மேடம். நான் மேல்முறையீடு போடுவார்களா என்று கேட்டேன். "இந்த ஒரு இடத்துக்கா? போடட்டும், பார்த்துக்கலாம்" என்றார். குரலில் அப்படி ஒரு தெம்பு.

இவர் மதியம் வந்ததும் வாசலிலேயே சொன்னேன். நின்றபடியே கேட்டார். அவர் முகத்தில் ஒரு நொடி என்னவோ வந்து போனது. அது எனக்குத் தெரியும், அந்த வேலையை அவரும் ஆசைப்பட்டார். அப்புறம் என் தலையில் லேசாக ஒரு குட்டு வைத்து, "மூத்தவங்களுக்கு வணக்கம்" என்றார். இரண்டு பேரும் சிரித்தோம், கண்ணைத் துடைத்துக்கொண்டோம்.

"உங்களுக்கு இன்னொரு தடவை எழுத வயசு இருக்கு. இந்தத் தடவை கொட்டாவி விட்டா முகத்துல தண்ணி ஊத்துவேன்" என்றேன்.

ஜூலை 14, திங்கள்

திருத்திய பட்டியல் வந்தது. விருதுநகர் மாவட்டம்: இந்துராணி. அடுத்த மாதம் முதல் தேதி சேர வேண்டும். போனை அத்தையிடம் காட்டினேன். கண்ணாடி போட்டுப் படித்தார்கள். என் பெயரை விரலால் தொட்டுத் தொட்டுப் பார்த்ததில் பக்கம் ஓடிப்போய் வேறு மாவட்டம் வந்துவிட்டது. "எங்கடி போன நீ?" என்று பதறினார்கள்.

ஜூலை 17, வியாழன்

அடுத்த தேர்வுக்காக இவருக்குப் பாடம் நடத்த ஆரம்பித்தாயிற்று. முதல் நாளே மூன்று கொட்டாவி.

காலையில் பாப்பாவுக்குக் காய்ச்சல், இப்போது பரவாயில்லை. பதினோரு மணி வாக்கில் சோறு வடித்துக்கொண்டிருந்தேன். வாசலில் செல்லக்கனி அக்காவின் குரல் கேட்டது. கேஸ் முடிந்த சேதி அவர்களுக்கு எப்போதோ தெரியும். இருந்தாலும் அத்தை வாயால் கேட்க வேண்டும், அதுதான் அவர்களுக்கு ருசி.

"என்ன மாரித்தாய், கடைசியில உங்க வீட்டுக்குக் கவர்மெண்ட் வேலை வந்துருச்சாமே?"

அத்தை என்ன சொல்லப்போகிறார்களோ என்று சட்டியைச் சாய்த்தபடியே காதைக் கொடுத்தேன்.

"வீட்டுக்கு இல்ல" என்றார்கள் அத்தை. "எம் மருமகளுக்கு. அவதான் மூத்தவ."

கஞ்சி கையில் கொட்டிவிட்டது. சுட்டது, கத்தவில்லை. சட்டியை இறக்கி வைத்துவிட்டு, கையைத் தண்ணீரில் முக்கிக்கொண்டு, இன்னொரு தடவை சொல்வார்களா என்று ஜன்னல் ஓரமாகப் போய் நின்றேன்.